காலச் சுழலுக்கு முதல் சுற்று என்று ஒன்று இல்லை

நீங்கள் கேட்டிருப்பதை முதலில் என் சொற்களில் திருப்பிச் சொல்கிறேன். அதைத் தவறாகப் புரிந்துகொண்டிருந்தால் இந்தப் பதில் முழுவதுமே வீண். புதுச்சேரியைக் களமாக வைத்து ஓர் அறிவியல் புனைகதை எழுதிக்கொண்டிருக்கிறீர்கள். அதில் இன்றைய புதுச்சேரிப் பெண் ஒருத்தி கடந்த காலத்துக்கு ஒரு கடிதம் அனுப்புகிறாள். 1769-இல் வெள்ளிக் கோள் சூரியனைக் கடப்பதைப் பார்க்கப் புதுச்சேரிக்கு வந்து, அன்று பார்த்து வானம் மூடிக்கொண்டதால் ஏமாந்துபோன பிரெஞ்சு வானியலாளர் லெ ஜான்திக்கு, 'மணிலாவிலேயே இருந்துவிடுங்கள், புதுச்சேரிக்கு வராதீர்கள்' என்று எழுதுகிறாள். கடிதம் பலித்திருந்தால் அவர் இங்கே வந்து ஏமாந்திருக்கமாட்டார். ஏமாறாதவருக்கு அவள் கடிதம் எழுதவேண்டிய தேவையும் வந்திருக்காது. இந்த முடிச்சை அவிழ்க்க, 'காலம் ஒவ்வொரு சுற்றிலும் தன்னைத் திருத்திக்கொண்டு, கடைசியில் நிலைத்த சுழலாகிறது' என்று ஒரு கோட்பாட்டைக் கற்பித்திருக்கிறீர்கள்; இயற்பியல் படித்தவர்கள் இதை ஏற்பார்களா என்று கேட்கிறீர்கள். காலப் பயணம் நடக்குமா என்பது உங்கள் கேள்வியன்று. ஒரு கற்பனைக் கோட்பாடு எந்த இடத்தில் கற்பனை செய்துகொள்ளலாம், எந்த இடத்தில் கூடாது என்பதே கேள்வி என்று எடுத்துக்கொள்கிறேன்.

நான் கடலூரில் கல்லூரி மாணவர்களுக்கு இயற்பியல் நடத்தி ஓய்வு பெற்றவன். ஐன்ஸ்டைனின் ஈர்ப்புக் கோட்பாடான பொதுச் சார்பியலை முறையாகப் படித்துப் பல ஆண்டுகள் பாடமாகவும் சொல்லிக்கொடுத்திருக்கிறேன். ஆனால் காலச் சுழல்களைப் பற்றி நானே ஆராய்ச்சி செய்தவன் அல்லன். கீழே குவாண்டம் தொடர்பாகச் சொல்லியிருப்பவை, ஆய்வுக் கட்டுரைகளைத் தனியே உட்கார்ந்து படித்து, கணக்குகளை நானே போட்டுப் பார்த்துத் தெரிந்துகொண்டவை. அந்த அளவில் வைத்துப் படியுங்கள்.

உங்கள் கோட்பாட்டில் எனக்கு இடிக்கும் சொற்கள் 'ஒவ்வொரு சுற்றிலும்' என்பவை. கடிதம் 1767-இல் மணிலாவுக்குப் போய்ச் சேர்கிறது என்று வைத்துக்கொள்வோம். 1767 என்பது ஒரே ஒரு முறைதான் நிகழ்கிறது. அந்த ஆண்டில் கடிதம் ஒன்று வந்தது, அல்லது வரவில்லை. 'முதல் சுற்றில் வரவில்லை, இரண்டாம் சுற்றில் வந்தது' என்று எழுதினால், ஒரே ஆண்டை இரண்டு தடவை ஓட்டிக்காட்ட அதற்கு மேலே இன்னொரு காலம் தேவைப்படுகிறது. அந்த மேற்காலத்துக்குக் கடிகாரம் எங்கே இருக்கிறது என்று வாசகர் கேட்பார். அப்படி இரண்டாவது காலம் ஒன்றைத் துணிந்து கற்பித்துக் கதை எழுதலாம், அது தவறில்லை. ஆனால் அப்போது நீங்கள் நிலைத்த சுழலைப் பற்றி எழுதவில்லை, மாறிக்கொண்டே போகும் பல வரலாறுகளைப் பற்றி எழுதுகிறீர்கள். நிலைத்த சுழலில் எதுவும் திருத்தப்படுவதில்லை. x = 12 − 2x என்ற சமன்பாட்டுக்கு விடை 4 என்று சொல்கிறோம். அந்த 4, பல தவறான எண்களாக இருந்து தேறி 4 ஆனதில்லை. நிபந்தனைக்குப் பொருந்துகிற எண் அது, அவ்வளவுதான். சுழலும் அப்படி ஒரு நிபந்தனை: எது உள்ளே போகிறதோ அதிலிருந்து பிறப்பதே வெளியே வர வேண்டும், வெளியே வந்ததே உள்ளே போவதற்குக் காரணமாகவும் இருக்க வேண்டும். முரண் ஏற்படாமல் தடுக்க ஒரு காவல்காரன் தேவையில்லை. பொருந்தாத வரலாறு விடைகளின் பட்டியலிலேயே இடம்பெறாது.

இனி, ஐயமில்லாமல் சொல்லக்கூடியவை. கடிகாரங்கள் எல்லா இடத்திலும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை; 1971-இல் ஹாஃபெலேவும் கீட்டிங்கும் அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களில் உலகைச் சுற்றி எடுத்துச்சென்று இதைக் காட்டினார்கள். ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரையிலுள்ளவற்றைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோவிநாடி வேகமாக ஓடுவதால், அதைக் கணக்கில் சேர்த்தே நம் கைப்பேசிகள் வழி சொல்கின்றன. ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் சமன்பாடுகளுக்கு, காலத்தில் முன்னோக்கியே சென்று புறப்பட்ட கணத்துக்கே திரும்பிவரும் பாதைகளைக் கொண்ட தீர்வுகள் உண்டு என்பதும் உறுதி. 1949-இல் குர்ட் கோடல், சுழலும் பிரபஞ்சம் ஒன்றுக்கு அப்படி ஒரு தீர்வைக் கொடுத்தார். ஆனால் காகிதத்தில் தீர்வு இருப்பது வேறு, இயற்கையில் அது இருப்பது வேறு. நம் பிரபஞ்சம் கோடலின் பிரபஞ்சத்தைப்போலச் சுழலவில்லை.

உங்களுக்கு இங்கே ஒரு செய்தி சொல்ல ஆசைப்படுகிறேன். இத்துறையில் பெரிய பாய்ச்சல் ஏற்பட்டதே ஒரு கதாசிரியரின் கேள்வியால்தான். 1985-இல் கார்ல் சாகன் தாம் எழுதிக்கொண்டிருந்த நாவலுக்காக, தொலைவிலுள்ள விண்மீனுக்கு விரைந்து செல்ல இயற்பியல் இடம் தரும் வழி ஏதாவது உண்டா என்று இயற்பியலாளர் கிப் தோர்னிடம் கேட்டார். தோர்ன் புழுத்துளைகளைப் பற்றி, அதாவது தொலைவிலுள்ள இரு இடங்களைக் குறுக்குவழியாக இணைக்கும் சுரங்கம் போன்றவற்றைப் பற்றி, யோசிக்கத் தொடங்கினார். 1988-இல் மாரிஸ், தோர்ன், யுர்ட்செவர் மூவரும், ஒரு புழுத்துளையின் ஒரு வாயை மட்டும் மிக வேகமாக எடுத்துச்சென்று திருப்பிக் கொண்டுவந்தால் இரு வாய்களின் கடிகாரங்களுக்கும் இடையே இடைவெளி விழுந்து, அதுவே காலப் பொறியாகிவிடும் என்று எழுதினார்கள். ஆகவே உங்கள் கேள்வியைச் சிறுபிள்ளைத்தனம் என்று யாராவது சொன்னால் பொருட்படுத்த வேண்டாம்.

ஐயத்துக்குரியவை இதற்குப் பிறகே தொடங்குகின்றன. அப்படிப்பட்ட துளை மூடிக்கொள்ளாமல் திறந்திருக்க எதிர்மறை ஆற்றல் அடர்த்தி, அதாவது வெறும் வெற்றிடத்தில் இருப்பதைவிடவும் குறைந்த ஆற்றல், வேண்டும். இரு உலோகத் தகடுகளை மிக நெருக்கமாக வைத்தால் இடையில் அத்தகைய ஆற்றல் சிறிதளவு உண்டாகும் என்று 1948-இல் காசிமிர் கணித்தார். அதனால் தகடுகளுக்கிடையே விளையும் இழுவிசை பின்னர் அளக்கவும்பட்டது. ஒரு கடிதம் நுழையுமளவுக்கு ஒரு துளையைத் திறந்துவைக்க அது போதுமா என்பதற்கு இன்று யாரிடமும் உறுதியான விடை இல்லை. 1992-இல் ஹாக்கிங், காலப் பொறி உருவாகப்போகும் கணத்தில் வெற்றிடத்தின் குவாண்டம் அதிர்வுகளே பெருகி அதை அழித்துவிடும் என்று ஓர் ஊகத்தை முன்வைத்தார். அது இன்றும் ஊகமாகவே நிற்கிறது. கதைக்கு இவற்றைத் தாண்டிச் செல்லும் உரிமை உங்களுக்கு உண்டு. ஆனால் ஒன்றைத் தாண்ட முடியாது: இவ்வகைப் பொறி, தான் உருவான நாளுக்கு முந்தைய நாளுக்கு யாரையும் எதையும் கொண்டுபோகாது. உங்கள் கதாநாயகி இன்று ஆய்வகத்தில் துளையைச் செய்து 1767-க்குக் கடிதம் அனுப்புவது நடவாது. துளையின் பழைய வாய் 1767-க்கு முன்பே எங்கேயோ இருந்தாக வேண்டும். இயற்கையாக அமைந்த ஒன்றை அவள் கண்டுபிடிப்பதாக எழுதுங்கள்.

முரண் என்ற இடத்துக்கு வருகிறேன். இயற்பியலாளர் ஜோசஃப் போல்சின்ஸ்கி ஒரு புதிர் போட்டார். அவர் சொன்னது பில்லியர்ட்ஸ் பந்து. நமக்குக் கேரம் ஸ்டிரைக்கர் என்று வைத்துக்கொண்டால் மனத்தில் படம் எளிதாக விழும். ஸ்டிரைக்கரைத் துளையை நோக்கி அடிக்கிறீர்கள். அது துளைக்குள் போய், சில விநாடி முன்னதாகவே இன்னொரு வாய் வழியாக வெளியே வந்து, துளையை நோக்கிப் போய்க்கொண்டிருக்கும் தன்னையே நேராக மோதித் திசை மாற்றிவிடுகிறது. மோதினால் உள்ளே போகாது, போகாவிட்டால் மோதாது. இதில் கொலையும் இல்லை, மனிதர்களின் விருப்புவெறுப்பும் இல்லை, வெறும் இயக்கவியல் மட்டும் இருப்பதுதான் இந்தப் புதிரின் அழகு. எச்செவெரியா, கிளிங்ஹாமர், தோர்ன் மூவரும் 1991-இல் கணக்கைப் போட்டுப் பார்த்தார்கள். அதே ஆரம்ப வேகத்திலும் அதே திசையிலும் புறப்பட்ட பந்துக்கு முரணில்லாத பாதைகள் இருந்தன. வெளியே வரும் பந்து இளைய பந்தை நேராக மோதாமல் ஓரமாக உரசுகிறது. உரசியதால் இளைய பந்து சற்றே சாய்ந்து துளைக்குள் போகிறது. சாய்ந்து போனதால்தான் வெளியே வரும்போது நேராக மோதாமல் உரசுகிறது. எல்லாம் கச்சிதமாகப் பொருந்துகிறது. ரஷ்ய இயற்பியலாளர் இகோர் நோவிக்கோவின் தன்னிசைவுக் கொள்கை சொல்வது இதைத்தான்.

உங்கள் கோட்பாட்டுக்கு உயிர் கிடைக்கும் இடமும் இதுவே என்பதால் சற்று நிறுத்திச் சொல்கிறேன். அவர்கள் தேடிப் போனது ஒரு விடையாவது இருக்கிறதா என்று. கிடைத்ததோ எண்ணற்ற விடைகள். ஒரே தொடக்கத்துக்கு, ஒன்றுக்கொன்று வேறான, ஒவ்வொன்றும் தன்னளவில் முரணில்லாத பல வரலாறுகள். அவற்றுள் எது நடக்கும் என்று பொதுச் சார்பியல் சொல்வதில்லை. பொதுமக்களுக்காக எழுதுபவர்கள் கடந்த காலத்துக்குப் போய்த் தாத்தாவைக் கொன்றால் பேரன் பிறப்பது எப்படி என்ற தாத்தா முரணிலேயே நின்றுவிடுகிறார்கள். உண்மையில் உறுத்தலானது விடை இல்லாமை அன்று, விடைகள் மிகுந்துபோனதுதான் என்பது என் துணிபு.

ஆம், இல்லை என்ற இரண்டே நிலைகள் உள்ள முரண் என்ன ஆகும் என்று கேட்கலாம். அதற்கு நான் ஆய்வகத்தில் செய்துகாட்டிய ஒரு சோதனையைச் சொல்கிறேன். 4069 என்று ஒரு சிப் உண்டு. அதனுள் ஆறு நாட் கேட்டுகள் இருக்கும். பூஜ்யம் கொடுத்தால் ஒன்று வரும், ஒன்று கொடுத்தால் பூஜ்யம் வரும். பயன்படுத்தாத ஐந்தின் உள்ளீட்டுக் கால்களைத் தரையில் இணைத்துவிட்டு, மீதியுள்ள ஒன்றின் வெளியீட்டை அதன் உள்ளீட்டோடே ஒரு சிறு கம்பியால் இணைக்கச் சொல்வேன். 'நான் ஒன்று என்றால் நான் பூஜ்யம்' என்று அந்தக் கம்பி சொல்கிறது. கடிதத்தின் முரணும் இதே வடிவம்தான். 5 வோல்ட் கொடுத்து மல்டிமீட்டரை வைத்தால், பூஜ்யமும் வராது, 5-உம் வராது, ஏறத்தாழ 2.5 வோல்ட்டில் அசையாமல் நிற்கும். இரண்டு நிலைகள்தான் உண்டு என்று நாம் எண்ணியதுதான் முரணைத் தந்தது. பொருள் இடைநிலையிலும் இருக்கக்கூடியது என்றால் முரண் கரைந்துவிடுகிறது. இயற்பியலாளர் டேவிட் டாய்ச் 1991-இல் குவாண்டம் துறையில் காட்டியதும் இதற்கு நெருங்கியதே: சுழலுக்குள் போகும் குவாண்டம் நிலையும் வெளியே வரும் நிலையும் ஒன்றாக இருக்கும்படியான ஒரு நிலை எப்போதும் இருக்கும், தாத்தா முரணில் அது, இரண்டும் சரிபாதி வாய்ப்புள்ள கலவையாக அமையும். இந்த உவமைக்கு ஓர் எல்லையும் உண்டு. அந்தச் சிப் நொடிக்கும் மிகக் குறைந்த நேரத்திலாவது தடுமாறித்தான் 2.5-ஐ அடைகிறது, சுழலில் அப்படித் தடுமாறும் நேரம் கிடையாது. அதே சிப்பில் மூன்று கேட்டுகளைச் சங்கிலியாகக் கோத்து வளையமாக்கினால் நிலைக்காமல் ஊசலாடும். மல்டிமீட்டர் அப்போதும் நடுவளவையே காட்டி ஏமாற்றும், மின்னழுத்தம் மாறுவதை வரைந்துகாட்டும் சி.ஆர்.ஓ. கருவியின் திரையில்தான் அலை தெரியும். உங்கள் 'ஒவ்வொரு சுற்றிலும்' என்ற கற்பனை இந்த ஊசலாட்டத்தைச் சேர்ந்தது, நிலைத்த சுழலைச் சேர்ந்ததன்று.

லெ ஜான்தியிடம் போவோம். அவர் 1760-இல் பிரான்சைவிட்டுப் புறப்பட்டவர். 1761 ஜனவரியில் புதுச்சேரி ஆங்கிலேயரிடம் வீழ்ந்துவிட்டதால், அந்த ஆண்டு ஜூன் 6-ஆம் நாள் நிகழ்ந்த முதல் கடப்பை ஆடும் கப்பலின் தளத்திலிருந்து பயனில்லாமல் பார்க்க நேர்ந்தது. அடுத்ததற்காக எட்டு ஆண்டுகள் இந்தப் பக்கமே தங்கினார். 1766-இல் மணிலா சென்றார்; அங்கே ஸ்பானிய அதிகாரிகளின் பகை. 1768 மார்ச்சில், பிரெஞ்சுக்காரரிடம் திரும்பியிருந்த புதுச்சேரிக்கு வந்து ஒரு சிறு நோக்குக்கூடம் கட்டினார். 1769 ஜூன் 4 விடியலில் மேகம் மூடிக்கொண்டது. நிகழ்வு முடிந்தபின் வெயில் அடித்தது. மணிலாவில் அன்று வானம் தெளிவாக இருந்தது. இவை அனைத்தும் நடந்தவை, உங்கள் கதையும் இவற்றை மாற்ற முடியாது. மாற்றவும் வேண்டாம். கடிதத்தை உரசல் ஆக்குங்கள். அனுப்பியவர் யாரென்று தெரியாத, எதிர்காலத் தேதியைக் குறிப்பிடும் ஒரு விசித்திரக் கடிதம் மணிலாவில் ஸ்பானியர் கையில் முதலில் சிக்குகிறது. ஏற்கெனவே ஐயத்துக்கு ஆளான பிரெஞ்சுக்காரர்மீது ஐயம் இரட்டிப்பாகிறது. மணிலாவில் இருக்க முடியாமல் அவர் புதுச்சேரிக்குப் புறப்படுகிறார். 'வராதீர்கள்' என்ற கடிதமே அவரை வரவைக்கிறது. உங்கள் கதாநாயகியின் கையை யாரும் பிடிக்கவில்லை. அவள் விரும்பியதையே எழுதினாள். 2020-இல் குவீன்ஸ்லாந்து பல்கலைக்கழகத்தின் தோபாரும் கோஸ்டாவும், காலச் சுழல் இருந்தும் வெவ்வேறு இடங்களிலுள்ளவர்கள் தத்தம் இடத்தில் எதையும் தடையின்றிச் செய்யலாம், முரண் வராது என்று கணித மாதிரி ஒன்றில் காட்டியிருக்கிறார்கள். அது ஒரு மாதிரி மட்டுமே என்றாலும், உங்கள் கதைக்கு நல்ல துணை.

ஆகவே நீங்கள் கற்பனை செய்ய வேண்டிய விதி, முரணைத் தடுக்கும் விதி அன்று. பொருந்துகிற பல வரலாறுகளுள் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் விதி. அந்த இடம் இயற்பியலில் உண்மையிலேயே காலியாக இருக்கிறது. அங்கே எதை வைப்பது என்பதற்கு ஒரு சோதனையைச் சொல்கிறேன். 8633 என்ற எண்ணின் காரணிகள் வேண்டும். பொறியிலிருந்து ஓர் எண் வந்தால், அது 8633-ஐ மீதியின்றி வகுக்கிறதா என்று பாருங்கள். வகுத்தால் அதே எண்ணைத் திருப்பி அனுப்புங்கள், வகுக்காவிட்டால் ஒன்று கூட்டி அனுப்புங்கள். 8632-ஐத் தாண்டினால் மறுபடி 2-இலிருந்து தொடங்குங்கள். வந்த எண்ணும் அனுப்பிய எண்ணும் ஒன்றாக இருக்க வேண்டுமானால், 89 அல்லது 97 மட்டுமே வர முடியும். யாரும் தேடவில்லை, யாரும் வகுத்துக்கொண்டே போகவில்லை, விடை கையில் இருக்கிறது. டாய்ச்சை உறுத்தியது இதுதான்: உழைப்பில்லாமல் பிறக்கும் அறிவு. அதற்காக அவர், பொருந்தும் நிலைகளுள் என்ட்ரோபி, அதாவது ஒழுங்கின்மை, மிகுந்ததையே இயற்கை தேர்கிறது என்று ஒரு துணைவிதியை முன்மொழிந்தார். நீங்கள் அதன் பக்கத்திலேயே உங்கள் விதியை நிறுத்தலாம்: 'ஆசிரியர் இல்லாத தகவல் எந்த வரலாற்றில் மிகக் குறைவோ அதுவே நடக்கும்.' இதற்கு ஒரு விலை உண்டு. 8633 சோதனையில் 89 வருவதைவிட, சோதனை தொடங்குமுன் ஃபியூஸ் போவது இவ்விதிக்கு மலிவு. அதாவது உங்கள் உலகில் காலப் பொறியை வைத்து இலவசமாக அறிவு பெற முயலும் ஒவ்வொரு முறையும் சாதாரணக் காரணங்களால் அது பாழாகும். வாசகருக்கு இவை தற்செயல்களாகத் தெரியும். ஒரு நாவல் இரண்டு தற்செயல்களைத் தாங்கும், பத்தைத் தாங்காது என்பது வாசகனாக என் எண்ணம்.

எதிர்காலத்தை அறிவதெல்லாம் சுழல் ஆகிவிடாது என்பதையும் கதையில் எங்காவது காட்டுங்கள். லெ ஜான்தியின் வாழ்விலேயே அதற்குச் சான்று இருக்கிறது. புதுச்சேரித் தமிழர் ஒருவரின் கிரகணக் கணிப்பு முறையை அவர் பதிவுசெய்தார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணத்தின் நீளத்தில் அக்கணக்கு 41 விநாடி குறைவாக வந்தது. ஐரோப்பாவில் சிறந்தவையாகக் கருதப்பட்ட, ஜெர்மன் வானியலாளர் மேயரின் அட்டவணைகளோ 68 விநாடி கூடுதலாகக் காட்டின. அது எதிர்காலத்தைப் பற்றிய அறிவுதான். ஆனால் நேற்றிலிருந்து நாளைக்கு நடந்துபோய்ப் பெற்றது. கடிதம் நாளையிலிருந்து நேற்றுக்கு வருகிறது.

கடைசியாக, அந்தக் கடிதத் தாளைப் பற்றி. உங்கள் சுருக்கத்தில், கதாநாயகி ஒரு பழைய வீட்டுப் பெட்டியில் அக்கடிதத்தையே கண்டெடுத்து, அதையே திருப்பி அனுப்புகிறாள். இது பொருந்தாது. தாள் 1767-இலிருந்து இன்றுவரை 250 ஆண்டுகளுக்கு மேல் பழுத்து, மடிப்பில் கிழிந்து, கடற்காற்றில் மை மங்கியிருக்கும். அப்படிப் பழுத்த தாளே 1767-இல் வந்து சேர்ந்தது என்றால், பெட்டியில் கிடக்க வேண்டியது அதைவிட இரு மடங்கு பழுத்த தாள். சுழலில் சுற்றும் பொருள் தொடங்கிய நிலைக்கே அணுவுக்கு அணு திரும்பியாக வேண்டும், தாள் திரும்பாது. புதுத் தாளில் பார்த்து எழுதினாள் என்றால் தாள் தப்பிக்கும், ஆனால் அந்த வாசகங்களை யார் இயற்றினார் என்ற கேள்வி நிற்கும். உங்கள் விதியே அதைத் தடுக்கும். எனவே எழுதி முடிக்கும்வரை அவள் அந்தக் கடிதத்தைக் கண்ணால் பார்க்கக் கூடாது. 1769 ஜூன் 4 அன்று புதுச்சேரியில் மேகம் மூடும் என்பதை அவள் படித்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். எங்கே படிப்பாள்? லெ ஜான்தி பாரிஸ் திரும்பியபின் எழுதி, 1779-இலும் 1781-இலும் இரு தொகுதிகளாக வெளிவந்த பயண நூலில். அவள் கடிதத்தில் இருக்கும் செய்தியின் ஆசிரியர் அவரே. அவர் இங்கே வந்து, அந்த விடியலில் அந்த மேகத்தை நின்று பார்த்திருந்தால்தான், வராதீர்கள் என்று அவருக்கு எழுத அவளிடம் ஒரு செய்தி இருக்கும்.